மேயோவில் எட்டு வாரம்: ஒரு இன்டர்மீடியட் அணியின் பின்னால்

ஊர் வந்து சேர்ந்து பத்து நாள் ஆகிறது. காலையில் எழுந்ததும் கை இன்னும் ஸ்வெட்டரைத்தான் தேடுகிறது. அயர்லாந்தின் மேற்கே மேயோ கவுண்டியில் (நம் மாவட்டம் மாதிரி) என் தங்கை நர்ஸாக இருக்கிறாள். அவளோடு இரண்டு மாதம் இருந்து, அவள் பையனைப் பார்த்துக்கொண்டு, கொஞ்சம் ஓய்வெடுத்து வரலாம் என்றுதான் போனேன். போய்ச் சேர்ந்த வாரமே ஒரு கேலிக் கால்பந்து அணி என்னைப் பிடித்துக்கொண்டது. அங்கே போனில் எழுதி வைத்ததை நாள்வாரியாகப் போடுகிறேன். தங்கை இருக்கும் ஊரின் பெயரைச் சொல்லவில்லை. சின்ன ஊர், பெயரைச் சொன்னால் ஆளையே சொன்ன மாதிரி.

ஆகஸ்ட் 14, வியாழன்

இரவு எட்டரை மணிக்கும் வெளிச்சம் போகவில்லை. "பெரியம்மா, வாங்க, டிரெய்னிங் பாக்கலாம்" என்று ஒன்பது வயதுக்காரன் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனான். கோயிலுக்குப் பின்னால் கல்லறைத் தோட்டம், அதை ஒட்டி மைதானம். நம் ஊர்க் கால்பந்து மைதானத்தைவிடப் பெரியது, 140 மீட்டர் நீளம் இருக்கும். இரண்டு முனையிலும் உயரமான இரட்டைக் கம்பங்கள், நடுவில் ஒரு குறுக்குக் கம்பி. கம்பிக்குக் கீழே வலை, மேலே வெறும் வானம்.

விதிகளை அவன்தான் சொன்னான். ஒரு பக்கம் 15 பேர். பந்தைக் கையில் எடுக்கலாம், ஆனால் நாலு எட்டுக்கு மேல் பிடித்துக்கொண்டு ஓடக் கூடாது. ஒருமுறை தரையில் தட்ட வேண்டும், இல்லாவிட்டால் கால் நுனியில் விட்டு மறுபடி கைக்கு எழுப்ப வேண்டும். அடுத்தடுத்து இரண்டு முறை தரையில் தட்டினால் தப்பு. வலைக்குள் போனால் கோல், அதற்கு மூன்று பாயிண்ட். கம்பிக்கு மேலே, கம்பங்களுக்கு நடுவே போனால் ஒரு பாயிண்ட். இந்த வருடத்திலிருந்து, அதாவது 2025-லிருந்து, 40 மீட்டர் வளைவுக்கு வெளியே நின்று உதைத்து மேலே அனுப்பினால் இரண்டு.

அந்தக் கால் நுனி வித்தையைப் பக்கத்தில் நின்று பார்த்தேன். ஒருவன் முழு வேகத்தில் எங்களை நோக்கி ஓடி வந்தான். பந்து கையை விட்டு இறங்கியது, பூட்ஸின் மூக்கு அதை லேசாகத் தட்டியது, பந்து பின்னோக்கிச் சுழன்றபடி வயிற்றுக்கு வந்து சேர்ந்தது. ஓட்டம் எங்கும் தடைப்படவில்லை. அம்மா அரிசி புடைக்கும்போது முறம் எழும்பி இறங்குமே, அந்த மாதிரி.

ஓடிக்கொண்டிருந்த முப்பது பேரில் ஒருவர் பால் லாரி ஓட்டுகிறவர், ஒருவர் பையனின் பள்ளி ஆசிரியர், இரண்டு பேர் மாடு வளர்க்கும் அண்ணன் தம்பி, ஒருவர் எலக்ட்ரீஷியன். யாருக்கும் ஒரு காசு சம்பளம் கிடையாது. கவுண்டி அணிக்கு ஆடி, டப்ளின் குரோக் பார்க்கில் 82,000 பேர் முன்னால் இறங்குகிறவர்களுக்கும் சம்பளம் இல்லையாம். கேட்டபோது நம்பவில்லை. இரவு தங்கையிடம் இரண்டாம் முறை கேட்டு உறுதி செய்துகொண்டேன்.

ஆகஸ்ட் 16, சனி

முதல் ஆட்டம், வெளியூரில். மேயோவில் கிளப்புகளுக்கு சீனியர், இன்டர்மீடியட், ஜூனியர் என்று தளங்கள் உண்டு. நம்மவர்கள் இன்டர்மீடியட், அதாவது இரண்டாவது. 16 அணிகள், நாலு நாலாக நாலு குழு. ஒவ்வொரு குழுவிலும் முதல் இரண்டு பேர் மேலே போவார்கள். கடைசியில் நிற்பவர்கள் தங்களுக்குள் மோதி, அதிலும் தோற்பவர் ஜூனியருக்கு இறங்க வேண்டும்.

வாசலில் மாட்டிக்கொண்டோம். டிக்கெட் 10 யூரோ, நம் காசுக்கு ஆயிரம் ரூபாய். பணமாக வாங்க மாட்டார்கள், போனில்தான் எடுக்க வேண்டும். அந்தப் பள்ளத்தில் போனுக்கு சிக்னல் இல்லை. பின்னால் நின்ற ஒரு அம்மா, எதிர் அணியின் ஊர்க்காரர், தன் போனில் எனக்கும் சேர்த்து எடுத்துவிட்டார். நோட்டை நீட்டினேன், வாங்கவில்லை. "உங்கள் கிளப் லாட்டரியில் போடுங்கள்" என்றார். அவருக்கு எதிர் அணியின் லாட்டரியில்! உள்ளே போனதும் மறந்துவிடாமல் அதைச் செய்தேன். வாரா வாரம் இரண்டு யூரோ லாட்டரியில்தான் மைதானத்து விளக்குக்குக் கரண்ட் பில் கட்டுகிறார்கள்.

கம்பங்களுக்குப் பக்கத்தில் வெள்ளைக் கோட்டு போட்ட நடுவர்கள், மருந்துக் கடைக்காரர் மாதிரி நின்றார்கள். பாயிண்டுக்கு வெள்ளைக் கொடி, கோலுக்குப் பச்சை, இரண்டு பாயிண்டுக்கு ஆரஞ்சு. முப்பது முப்பது நிமிடமாக இரண்டு பாதி. கடைசி நிமிடத்தில் 35 மீட்டரிலிருந்து நமக்கு ஒரு ஃப்ரீ கிக். உதைத்தவனுக்குப் பத்தொன்பது வயது இருக்கும். பந்து வலது கம்பத்தை உரசி வெளியே போனது. நாம் 1-9, அவர்கள் 0-13. முதல் எண் கோல், அடுத்தது பாயிண்ட். கோலை மூன்றாக்கிக் கூட்டிப் பாருங்கள், ஒரே ஒரு பாயிண்டில் தோற்றோம்.

"நாம்" என்று எழுதுகிறேன். எழுதும்போதுதான் கவனிக்கிறேன். சரி, இருக்கட்டும்.

ஆகஸ்ட் 17, ஞாயிறு

பூசைக்குப் போனோம். நேற்று தவறவிட்ட அந்தப் பையன் எங்களுக்கு இரண்டு வரிசை முன்னால் அம்மாவோடு உட்கார்ந்திருந்தான். பூசை முடிந்து வெளியே வரும்போது வயதான ஆண்கள் ஒவ்வொருவராக அவனைத் தாண்டிப் போனார்கள். ஆட்டத்தைப் பற்றி ஒருவர்கூடப் பேசவில்லை. இரண்டு பேர் தோளைத் தொட்டார்கள். ஒருவர், "உங்கள் வீட்டு வைக்கோல் ஏற்றியாகிவிட்டதா?" என்று கேட்டார். அவன் முகம் அப்போதுதான் தெளிந்தது.

ஆகஸ்ட் 23, சனி

ஆட்டம் இல்லாத வாரம். பக்கத்து வீட்டுப் பெரியவர் தன் காரில் ஊர் சுற்றிக் காட்டினார். ஓய்வுபெற்ற தபால்காரர், எழுபதுக்கு மேல் வயது. எதிரில் கார் வரும்போதெல்லாம் ஸ்டியரிங்கிலிருந்து ஆள்காட்டி விரலை மட்டும் ஒரு அங்குலம் தூக்குகிறார், எதிரில் வருபவரும் தூக்குகிறார். தெரிந்தவர், தெரியாதவர் என்று பேதமில்லை. திரும்பி வருவதற்குள் எத்தனை தடவை என்று எண்ண ஆரம்பித்து, நாற்பதோடு விட்டுவிட்டேன்.

ஸ்ட்ரேட் என்ற சிற்றூரில் மைக்கேல் டேவிட்டின் கல்லறை. 1846-ல் அங்கே பிறந்தவர். சின்ன வயதிலேயே அவர் குடும்பத்தை வீட்டை விட்டு வெளியேற்றினார்கள். இங்கிலாந்துக்குப் போய்ப் பஞ்சாலையில் வேலை செய்யும்போது பதினோரு வயதில் வலது கையை இழந்தார். 1879-ல் குத்தகை விவசாயிகளுக்காக நிலச் சங்கத்தைத் தொடங்கியவர் அவர்தான். 1884-ல் கேலிக் விளையாட்டுச் சங்கம் பிறந்தபோது அதன் புரவலர்களில் ஒருவராகவும் இருந்தார். நிலத்துக்குப் போராடியவரும் மைதானத்துக்குத் துணை நின்றவரும் ஒரே ஆள்! கல்லறைக்கு முன்னால் கொஞ்ச நேரம் நின்றுவிட்டு வந்தேன்.

அப்புறம் ஃபாக்ஸ்ஃபோர்டு. 1892-ல் ஒரு கன்னியாஸ்திரீ, மதர் ஆக்னஸ் மொரோ-பெர்னார்ட், பஞ்சத்தில் கிடந்த ஊருக்காகத் தொடங்கிய கம்பளி ஆலை இன்னும் ஓடுகிறது. அங்கே மீன் சூப்பும் கோதுமைச் சோடா ரொட்டியும் சாப்பிட்டோம். ரொட்டி கறுத்து, கனமாக, லேசான இனிப்போடு இருந்தது. உப்பு வெண்ணெயைக் கட்டியாக வைத்துத் தின்ன வேண்டும் என்று பெரியவர் பூசிக் காட்டினார்.

மேயோ கடைசியாக அகில அயர்லாந்துக் கோப்பையை வென்றது 1951-ல். அந்த அணி வெற்றியோடு ஃபாக்ஸ்ஃபோர்டு வழியாக வரும்போது ஒரு சவ ஊர்வலத்துக்கு ஒதுங்கி நிற்கவில்லை என்றும், கோபித்த பாதிரியார், இந்த ஆட்டக்காரர்களில் ஒருவர் உயிரோடு இருக்கும்வரை மேயோ மறுபடி ஜெயிக்காது என்று சாபம் விட்டார் என்றும் ஒரு கதை உண்டு. அதன்பின் 11 முறை இறுதிப் போட்டிக்குப் போய்த் தோற்றார்கள். அந்த அணியில் கடைசியாக உயிரோடு இருந்த பேடி பிரெண்டர்காஸ்ட் 2021-ல் இறந்தார். "இப்போது சாபம் முடிந்துவிட்டதே?" என்று கேட்டேன். பெரியவர் ஆற்றையே பார்த்துக்கொண்டிருந்தார். "அவர் மிக நல்ல ஃபுல் பேக்" என்று மட்டும் சொன்னார்.

திரும்பும் வழியில் பாலாஹடெரீன் ஊரைப் பற்றிச் சொன்னார். 1898-ன் சட்டத்தால் அந்த ஊர் ராஸ்காமன் கவுண்டிக்குப் போய்விட்டது. ஆனால் ஊரின் கால்பந்து கிளப் இன்றுவரை மேயோவில்தான் ஆடுகிறது. எல்லைக் கோட்டை மாற்றலாம், யாருக்காக ஆடுவது என்பதை மாற்ற முடியவில்லை.

இது எனக்கு நன்றாகப் புரிந்தது. நாங்கள் குமரி மாவட்டத்துக் கடற்கரை. தூத்தூர்ப் பக்கம் ஒவ்வொரு பங்கிலும், அதாவது ஒரு சர்ச்சுக்கு உட்பட்ட ஒவ்வொரு பகுதியிலும், கால்பந்து அணி உண்டு, யார் எந்த அணி என்பது ஞானஸ்நானத்திலேயே முடிவாகிவிடும். இங்கேயும் கிளப் என்பது பங்குதான். பிடிக்கவில்லை என்று நினைத்த மாத்திரத்தில் பக்கத்துக் கிளப்புக்குப் போக முடியாது, விண்ணப்பித்து அனுமதி வாங்க வேண்டும். பெரும்பாலானவர்களுக்கு அப்படி ஒரு யோசனையே வருவதில்லை.

ஆகஸ்ட் 30, சனி

சொந்த மைதானத்தில் ஆட்டம். காலையிலிருந்து மழை. மழை என்றுகூடச் சொல்ல முடியாது, காற்றே ஈரமாக நிற்கிறது. இதற்கு 'சாஃப்ட் டே' என்று அன்போடு ஒரு பெயர் வைத்திருக்கிறார்கள்.

தங்கை நைட் டியூட்டி முடிந்து தூங்க, அவள் முறைக்கு நான் கிளப் சமையலறைக்குப் போனேன். நாலு பெண்கள், எட்டுப் பொதி ரொட்டி. வெண்ணெயை ரொட்டியின் ஓரம்வரை தடவ வேண்டும், நடுவில் மட்டும் தடவினால் ஓரம் காய்ந்துவிடும் என்று முதலில் என் துண்டையே எடுத்து மறுபடி தடவிக் காட்டினார்கள். பாதிக்கு ஹாம், பாதிக்கு அவித்த முட்டையும் பொடியாக நறுக்கிய வெங்காயமும். நாலு நாலாக அடுக்கி, முக்கோணமாக வெட்டி, ஈரத் துணியால் மூடி வைத்தோம். பெரிய பாய்லரில் டீ, நிறம் செங்கல். குடிப்பவர் விருப்பப்பட்டதை டப்பாவில் போடலாம், சிலர் 20 யூரோ போட்டார்கள். எதிர் அணிக்காரர்களுக்கு முதலில் கொடுக்க வேண்டும் என்பது இங்கே எழுதாத விதி.

இங்கே ஒருவரை டீ குடிக்கச் சொன்னால் முதலில் வேண்டாம் என்பார். இரண்டாம் முறையும் வேண்டாம். மூன்றாம் முறை கேட்டால், "சரி, நீங்கள் போடுவதாக இருந்தால்" என்பார். நம் வீடுகளில் விருந்தாளி செய்வது அதேதான். அதனால் எனக்குச் சிரமமே இருக்கவில்லை.

ஆட்டம் சமன். 1-8, 0-11. ஜன்னல் வழியாகப் பாதிதான் பார்த்தேன்.

செப்டம்பர் 3, புதன்

காலையில் சமையலறை ரேடியோவில் மரண அறிவிப்பு. மிட்வெஸ்ட் ரேடியோவில் தினமும் வாசிக்கிறார்கள், அந்த நேரத்தில் வீட்டில் யாரும் பேசுவதில்லை. நாற்பது வருடம் மைதானத்துக்குச் சுண்ணாம்புக் கோடு போட்ட பெரியவர் இறந்துவிட்டார். வயது 86.

மாலையில் அவர் வீட்டு வாசலிலிருந்து சாலைவரை வரிசை. உள்ளே போய் வீட்டார் ஒவ்வொருவர் கையையும் பிடித்து ஒரு வாக்கியம் சொல்ல வேண்டும், "உங்கள் துயரத்துக்கு வருந்துகிறேன்." நான் அன்னியப் பெண். அவர் மகள் என் கையை விடாமல், இவ்வளவு தூரத்திலிருந்து வந்திருக்கிறீர்களே என்று என் அம்மாவைப் பற்றிக் கேட்டார், சாப்பிட்டீர்களா என்றும் கேட்டார். அவருடைய அப்பா பக்கத்து அறையில் கிடக்கிறார்.

செப்டம்பர் 5, வெள்ளி

அடக்கம். கோயில் வாசலிலிருந்து கல்லறைவரை இரண்டு பக்கமும் ஆட்டக்காரர்கள் கிளப் ஜாக்கெட்டில் நின்றார்கள். பெட்டியின் மேல் நீல வெள்ளை ஜெர்சி. பெட்டி கடந்து போகப் போக, வரிசையின் பின்னால் இருந்தவர்கள் முன்னால் வந்து தோள் கொடுத்தார்கள். அந்தப் பத்தொன்பது வயதுப் பையனும் தூக்கினான். கல்லறைக் குழியிலிருந்து பார்த்தால் கம்பங்கள் தெரிகின்றன.

செப்டம்பர் 8, திங்கள்

வெயில்! கிளப்பின் ஜெர்சிகளைத் துவைக்கும் அம்மா வீட்டுக் கொடியில் 24 ஜெர்சிகள் காற்றில் ஆடின. எண் வரிசைப்படிதான் காயப்போடுவார். காணாமல் போனால் உடனே தெரியும் என்பது ஒரு காரணம். இன்னொன்றை அவர் சொல்லிக் காட்டினார். 3-ஆம் எண்ணின் கழுத்து அகலம், ஏனென்றால் எப்போதும் யாராவது பிடித்து இழுப்பார்கள். 9-ல் இடது முழங்கை தையல். 14-ஐ நீட்டிக் காட்டவில்லை, தொட்டு மட்டும் பார்த்தார். அதைப் போட்டவர் ஜனவரியில் சிட்னி போய்விட்டார், அவருடைய மகன். இந்த வருடம் அணியிலிருந்து ஆஸ்திரேலியா போனவர்கள் இரண்டு பேர். 11-ஆம் எண்காரர் டப்ளினில் வேலை. வெள்ளி இரவு மூன்று மணி நேரம் ஓட்டி வந்து, ஞாயிறு மாலை மூன்று மணி நேரம் திரும்ப ஓட்டிப் போகிறார், வாரா வாரம்.

செப்டம்பர் 13, சனி

தோல்வி. 0-10, 2-11. குழுவில் கடைசி.

வேலியோரம் தபால்காரப் பெரியவர் பக்கத்தில் நின்றேன். எனக்குத் தொண்டை அடைத்தது. அவர்தான் ஆறுதல் சொன்னார். வடக்கே நெஃபின் மலைக்கு அந்தப் பக்கம் கிராஸ்மொலீனா என்று ஒரு ஊர். 2001-ல் அகில அயர்லாந்து சீனியர் கிளப் கோப்பையை வென்ற ஊர். அடுத்த வருடம், 2002-ல், அதே கோப்பையை வென்றது டெர்ரி கவுண்டியின் பாலிண்டெர்ரி. காலம் போகப் போக இரண்டுமே இரண்டாம் தளத்துக்கு இறங்கிவிட்டன. இந்த 2025 ஜனவரியில் குரோக் பார்க்கில் நடந்த இன்டர்மீடியட் இறுதிப் போட்டியில் மோதியது அதே இரண்டு ஊர்தான். கிராஸ்மொலீனா ஜெயித்தது. பெரியவர் போயிருந்தார். 2001-ல் ஆடியவர்கள் இப்போது வேலியோரம் நின்று பார்த்தார்களாம். "கீழே போவது பெரிய விஷயம் இல்லை, ஆள் இல்லாமல் போவதுதான் பெரிய விஷயம்" என்றார். பக்கத்து ஊர்களில் சிறுவர் அணிக்கு ஆள் போதாமல் இரண்டு மூன்று கிளப்புகள் சேர்ந்து ஆடுகின்றன. அவர் பயம் அது.

அக்டோபர் 3, வெள்ளி

'ஏமி' என்ற புயல். வடமேற்கு முழுவதும் அடித்தது, டோனகால் கவுண்டிக்குத்தான் அதிக அடி. மதியம் மூன்று மணிக்கு எங்களுக்குக் கரண்ட் போனது. கேஸ் அடுப்பு இருந்ததால் கஞ்சி வைத்து, பக்கத்து வீட்டுக்கும் கொண்டுபோனேன். பெரியவர் மூன்றாம் முறைதான் வாங்கிக்கொண்டார். தேங்காய்த் துவையலை ரொட்டிக்கு வைத்துச் சாப்பிட்டார்.

அக்டோபர் 4, சனி

இரவுதான் கரண்ட் வந்தது. பகல் முழுக்கச் சங்கிலி ரம்பத்தின் சத்தம். சாலையில் விழுந்த மரத்தை அறுத்தவர்களில் ஏழு பேர் நாளைக்கு ஆட வேண்டியவர்கள். எலக்ட்ரீஷியன் தூங்கவே இல்லை, வீடு வீடாகப் போய்க்கொண்டிருந்தார்.

அக்டோபர் 5, ஞாயிறு

இறங்கும் ஆட்டம். முப்பது கிலோமீட்டர் தள்ளி, இரண்டு ஊருக்கும் பொதுவான மைதானம். ஜெயித்தால் அடுத்த வருடமும் இன்டர்மீடியட். கோப்பை கிடையாது, மேலே போவதும் கிடையாது, இருக்கும் இடத்தில் இருக்கலாம், அவ்வளவுதான். ஊரில் ஒரு வீட்டில்கூட ஆள் இல்லை என்று நினைக்கிறேன். போகும் வழியில் பெட்ரோல் பங்க்கில் சிக்கன் ரோல் வாங்க வரிசையில் நின்றவர்கள் எல்லோரும் நீலமும் வெள்ளையும். 6 யூரோ, ஒரு ரோலை இரண்டு பேர் தின்னலாம்.

இந்த முறை டிக்கெட்டை முந்தின நாள் ராத்திரியே கரண்ட் வந்த கையோடு எடுத்துவிட்டேன்.

கோல் வாய்க்கு முன்னால் தண்ணீர் தேங்கியிருந்தது. காலையில் மண் கிளறும் பெரிய முள்கருவியால் குத்தி வடித்திருக்கிறார்கள், இன்னும் சதசதவென்றுதான் இருந்தது. முதல் பாதி காற்றுக்கு எதிராக. பந்து போன தூரத்தில் பாதி திரும்பி வந்தது. இடைவேளையில் நாலு பாயிண்ட் பின்தங்கி இருந்தோம். இரண்டாம் பாதியில் காற்று நம் பக்கம். ஒவ்வொன்றாக ஏறியது. ஐம்பத்தாறாவது நிமிடம் 0-12, 1-9, சமம்.

எலக்ட்ரீஷியனிடம் பந்து வந்தபோது அவர் வளைவுக்கு ஒரு எட்டு உள்ளே நின்றார். நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே பின்னால் நகர்ந்தார். ஒரு எட்டு, இன்னொரு எட்டு, கோட்டைத் தாண்டி வெளியே. அப்புறம் உதைத்தார். பந்து இடது கம்பத்துக்கு வெளியே போவதாகத்தான் கிளம்பியது, காற்று அதை உள்ளே தள்ளியது. வெள்ளைக் கோட்டுக்காரர் கொடியை எடுக்கக் குனிந்தார். எந்தக் கொடி? தங்கை என் கையை நசுக்கினாள். ஆரஞ்சு.

கடைசி இரண்டு நிமிடம் அவர்கள் உயரமாகப் பந்தைக் கோல் வாய்க்கு அனுப்பிக்கொண்டே இருந்தார்கள். மூன்றாம் பந்தை நம் 3-ஆம் எண்காரர், வயது முப்பத்தெட்டு, நாலு பேருக்கு மேலே எழும்பி இரண்டு கையாலும் பறித்து, நெஞ்சோடு அணைத்து, சேற்றில் விழுந்தார். விசில்.

பிள்ளைகள் வேலியைத் தாண்டி ஓடினார்கள். தபால்காரப் பெரியவர் தொப்பியைக் கழற்றி முகத்தைத் துடைத்துக்கொண்டார். 11-ஆம் எண்காரர் பூட்ஸைக் கழற்றாமலே காரின் பின் சீட்டில் துணி மாற்றிக்கொண்டு, ஐந்து மணிக்கு டப்ளினுக்குக் கிளம்பிவிட்டார், காலை எட்டு மணிக்கு வேலை. எதிர் அணியின் ஊர்க்காரர்கள் ஒவ்வொருவராக வந்து கை கொடுத்தார்கள். அவர்கள் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை. அவர்களுக்கு இன்னொரு ஆட்டம் பாக்கி இருக்கிறது, அதில் அவர்கள் தப்பிக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டேன்.

உடை மாற்றும் அறைக்கு வெளியே துவைக்கும் அம்மா பெரிய பையை விரித்து, சேறு சொட்டும் ஜெர்சிகளை ஒவ்வொன்றாக எண்ணிப் போட்டுக்கொண்டிருந்தார். நான் பையின் வாயைப் பிடித்துக்கொண்டேன். இருபத்து மூன்று. மறுபடி எண்ணினோம். இருபத்து மூன்றுதான். 14 இல்லை. இன்று அதைப் போட்டு ஆடியது அந்தப் பத்தொன்பது வயதுப் பையன், கழற்றாமல் வீட்டுக்குப் போயிருக்கிறான். அவர் போனை எடுத்து அவன் அம்மாவை அழைத்தார். "வெந்நீரில் போட்டுவிடாதே, சாயம் போகும்" என்றார். கொஞ்சம் கேட்டுக்கொண்டிருந்தார். "இல்லை, அவசரம் இல்லை. ராத்திரி போட்டுக்கொண்டே தூங்கட்டும்."